அடிபட்ட பந்தும் நெளிந்த கோப்பையும்

என்னுடைய பேஸ்பால் வாழ்க்கை ஒரு பொய்யில் தொடங்கியது. இதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுவது நல்லது. இப்போது நான் சித்தூர் பக்கத்தில் ஓர் அரசுப் பள்ளியில் விளையாட்டு டீச்சர். பிள்ளைகளிடம் பொய் சொல்லாதீர்கள் என்று வாரத்துக்கு நாலு தடவையாவது சொல்கிற உத்தியோகம்.

திருப்பதியில் டிகிரி சேரப் போனபோது ஹாஸ்டலில் இடமில்லை என்று கையை விரித்துவிட்டார்கள். ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் மட்டும் சில கட்டில்கள் காலி. படிவத்தில் என்ன விளையாட்டு என்று கேட்டிருந்தது. எனக்கு முன்னால் நின்றவளின் தொடையைப் பார்த்தாலே கபடி என்று தெரிந்தது. பின்னால் நின்றவள் வாசப்படியில் குனிந்து நுழைகிற உயரம், வாலிபால். சுவரில் ஒட்டியிருந்த பட்டியலில் எல்லா விளையாட்டுக்கும் நேராகப் பெயர்கள் நிரம்பி வழிந்தன. ஒன்றே ஒன்றுக்கு நேராகத்தான் வெறும் வெள்ளைக் காகிதம் தெரிந்தது. பேஸ்பால். அது என்ன கருமம் என்றுகூட எனக்குத் தெரியாது. (ஏதோ எறிபந்து மாதிரி வலைக்கு மேலே போடுவார்கள் என்று நினைத்தேன்.) எழுதினேன். கட்டில் கிடைத்தது.

அந்தக் கட்டில் எனக்கு எவ்வளவு பெரிய விஷயம் என்று சொல்லிவிடுகிறேன். எங்கள் ஊர் கங்காதர நெல்லூரிலிருந்தும் உள்ளே போக வேண்டும். அங்கேயிருந்து ஒரு பஸ் பிடித்துச் சித்தூர், சித்தூரிலிருந்து இன்னொரு பஸ் பிடித்துத் திருப்பதி. போகவும் வரவும் அரை நாள் போய்விடும். நைனா, அதாவது என் அப்பா, சித்தூர் மாங்காய் மண்டியில் லாரி ஏற்றுகிற மேஸ்திரி. அவர் ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார்.

"ஹாஸ்டல் கெடச்சா படி மஞ்சு. இல்லன்னா தெனம் பஸ்ஸுல போய்க்கினும் வந்துக்கினும் இருந்தா புஸ்தகத்த எப்போ தொறப்ப? மண்டிக்கு வந்துடு."

அவர் சொன்னதில் தப்பில்லை. ஆனால் எனக்குப் படிக்க வேண்டும் என்று வெறியாக இருந்தது. மண்டி எனக்குப் புதிதில்லை. சின்ன வயசிலிருந்தே கோடை விடுமுறை முழுக்க அங்கேதான். நான் கீழே குவியல் பக்கத்தில் நின்று பழத்தை எடுத்து மேலே போடுவேன். நைனா லாரியில் நின்று வாங்கி வைக்கோலில் அடுக்குவார். இந்த வேலையில் மூன்றே சட்டம். பழம் வாங்குகிறவர் கையில் வந்து உட்கார வேண்டும், கையை அடிக்கக் கூடாது. வாங்குகிற கை பழத்தோடு கூடவே கொஞ்சம் பின்னால் போக வேண்டும், முட்டக் கூடாது. மூன்றாவதுதான் முக்கியம். போடுவதற்கு முன்னால் ஒவ்வொரு பழத்தையும் உள்ளங்கையில் ஒரு சுற்று சுற்றிப் பார்க்க வேண்டும். அடிபட்டிருந்தால் அதை லாரியில் ஏற்றாமல் இடப்பக்கம் தள்ளிவிட வேண்டும். ஓர் அடிபட்ட பழம் லாரிக்குள் போனால் ஊர் போய்ச் சேர்வதற்குள் பக்கத்தில் இருப்பதையெல்லாம் அழுகவைத்துவிடும். இடப்பக்கம் விழுந்ததெல்லாம் பக்கத்து மாம்பழக் கூழ் ஃபேக்டரிக்குப் போகும். இதை யோசித்துச் செய்ய நேரமிருக்காது, கை தானாகச் செய்யும். என் கையும் செய்தது. (பிற்பாடு அதுதான் என் மானத்தை வாங்கியது.)

கல்லூரியில் இரண்டு வருடம் பேஸ்பால் டீமில் இருந்தேன். இருந்தேன் என்றுதான் சொல்ல வேண்டும், ஆடினேன் என்று சொன்னால் இன்னொரு பொய்யாகிவிடும். ரைட் ஃபீல்ட் என்று மைதானத்தின் கோடியில் ஓர் இடம் உண்டு. அங்கே பந்தே வராது. நான் அங்கே நின்று திருமலையைப் பார்த்துக்கொண்டே செமஸ்டர் பாடங்களை மனப்பாடம் செய்வேன். எங்கள் பி.டி. மேடத்துக்கு மதனப்பள்ளிப் பக்கம் சொந்த ஊர், தெலுங்குக்காரர். கழுத்தில் விசில், கையில் ஒரு சின்ன ரூல் புக். எந்தச் சந்தேகம் கேட்டாலும் அந்தப் புத்தகத்தைப் புரட்டிவிட்டுத்தான் பதில் சொல்வார். அவ்வளவு கண்டிப்பான கோச் என்று நாங்கள் பெருமைப்பட்டுக்கொண்டோம்.

மூன்றாம் வருடம் வந்தது வினை. இந்த வருடம் ஒரு மேட்ச்கூட ஜெயிக்காத டீமுக்கு ஸ்போர்ட்ஸ் கோட்டாக் கட்டில் கிடையாது என்று ஹாஸ்டல் நோட்டீஸ் போர்டில் ஒட்டிவிட்டார்கள். வார்டன் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, தோற்றால் பீரோ சாவியைக் கொடுத்துவிட்டுக் கிளம்ப வேண்டியதுதான் என்று சொன்னார். அந்த வருடம் எங்களுக்கு மிச்சமிருந்தது ஒரே ஒரு போட்டி. எங்கள் மைதானத்திலேயே நடந்த கல்லூரிகளுக்கிடையேயான கோப்பை. வர வேண்டியது மூன்று டீம். ஒன்று வரவில்லை. ஆகவே ஒரு பந்துகூட ஆடாமல் நாங்கள் நேராக ஃபைனலுக்கு வந்துவிட்டோம். இந்தச் சாதனையை நான் ஊருக்குப் போன் செய்து சொன்னேன். நைனா மண்டியில் பத்துப் பேரிடம் சொல்லிவிட்டார்.

எதிர் டீம் கடற்கரைப் பக்கத்துக் கல்லூரி. எல்லோருக்கும் ஒரே மாதிரி ஷூ. பந்தை வேகமாக எறிகிற மெஷின் வைத்துப் பயிற்சி செய்கிறவர்கள் என்று கேள்விப்பட்டதும் எங்கள் ஆட்களில் இரண்டு பேர் ஊருக்கு அடுத்த பஸ் எப்போது என்று விசாரித்தார்கள். அவர்களுடைய நாலாம் நம்பர்க்காரி மட்டையைச் சுழற்றினால் காற்றே விசிலடிக்கும். எங்கள் பக்கத்தில் ஒரே நம்பிக்கை பிட்சர்தான். பந்து போடுகிற அந்தப் பெண்ணுக்கு மேட்ச் அன்று காலையில் அம்மை போட்டுவிட்டது.

மேடம் எங்களை வரிசையாக நிற்கவைத்துப் பார்த்தார். ரைட் ஃபீல்ட் கோடியிலிருந்து கேட்சர் கைக்குப் பந்தை நேராகச் சேர்க்கிறவள் நான் ஒருத்திதான் என்று எப்போதோ கவனித்திருக்கிறார். பந்தை என் கையில் வைத்து அழுத்தி, "மஞ்சு, நுவ்வே. ஸ்பீடுகா வெய்யி, அம்மா. ஸ்பீடு ஒக்கட்டே" என்றார். நீயேதான், வேகமாகப் போடு, வேகம் ஒன்றுதான் வேண்டும் என்பது உத்தரவு.

கேட்சர் வேதவல்லி. மட்டை பிடிப்பவளுக்குப் பின்னால் குந்தி உட்கார்ந்து நான் போடுவதை வாங்க வேண்டியவள். தலைமுறை தலைமுறையாகக் கோயில் கைங்கர்யம் செய்கிற வைஷ்ணவக் குடும்பத்துப் பெண். அவளும் நானும் முதல் நாளே பக்கத்துப் பக்கத்து பெஞ்சில் உட்கார்ந்து சிநேகமானவர்கள். முகமூடியும் மார்புக்கவசமும் போட்டுக்கொண்டு, உள்ளே ஏதோ பாசுரம் முணுமுணுத்துக்கொண்டே உட்கார்ந்தாள்.

நான் கையைத் தலைக்கு மேலே கொண்டுபோய், கண்ணை மூடி, பலம் கொண்ட மட்டும் எறிந்தேன். பந்து வேதவல்லிக்கு மேலே, அம்பயருக்கு மேலே, வேலிக்கு மேலே போய் ஷாமியானாவுக்குள் நுழைந்தது. அங்கே மேஜையில் சிவப்புத் துணி விரித்து வெற்றிக் கோப்பையை வைத்திருந்தார்கள். டங் என்று ஒரு சத்தம் கேட்டது. பக்கத்தில் இளநீர் குடித்துக்கொண்டிருந்த சிறப்பு விருந்தினர் ஸ்ட்ராவை வாயில் வைத்தபடியே உறைந்துவிட்டார். கோப்பையின் வயிற்றில் ஓர் உள்ளங்கை அளவுக்குப் பள்ளம் விழுந்திருந்தது. ஜெயிப்பதற்கு முன்னாலேயே கோப்பையை அடித்தவள் இந்தப் பூமியில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

அதற்குப் பிறகு நடந்தது அதைவிட மோசம். நாலு பந்து கண்டபடி போட்டால் மட்டைக்காரி அடிக்காமலேயே முதல் பேஸுக்கு நடந்து போகலாம் என்பது ஆட்டத்தின் விதி; மூன்று பேஸையும் கடந்து புறப்பட்ட இடத்துக்கே வந்து சேர்ந்தால் ஒரு பாயிண்ட். முதலாமவள் நடந்தாள். இரண்டாமவள் நடந்தாள். மூன்றாமவளும் நடந்தாள். மூன்று பேஸிலும் ஆள் நிரம்பிவிட்டது. கோயில் க்யூகூட இவ்வளவு ஒழுங்காக நகராது.

அப்போதுதான் அது நடந்தது. அதுவரை வேறு பந்தில் ஆடிக்கொண்டிருந்தோம்; ஷாமியானாவுக்குள் போன பந்து அப்போதுதான் திரும்பி வர, வேதவல்லி அதை எனக்குப் போட்டாள். வாங்கினேன். உள்ளங்கையில் ஒரு சுற்று சுற்றினேன். கோப்பையில் பட்ட இடத்தில் தோல் உரிந்து அடிபட்டிருந்தது. என் கை என்னைக் கேட்கவில்லை. பந்தை அப்படியே இடப்பக்கம் தள்ளிவிட்டது.

சாதாரணமாகத் தள்ளவில்லை. குவியலைத் தாண்டி விழ வேண்டுமே என்கிற மண்டிப் பழக்கத்தில் ஒரு வீசு வீசி, ஓரத்தில் இருந்த முள்ளுப் புதருக்குள் தள்ளிவிட்டது. தள்ளிவிட்டு, அடுத்த பழத்துக்காக நான் குனிந்தேன். குனிந்த இடத்தில் பழம் இல்லை. வெறும் மண்ணைப் பார்த்தபோதுதான் நான் எங்கே நிற்கிறேன் என்று புத்திக்கு உறைத்தது. அதற்குள் மூன்று பேஸிலும் நின்றவர்கள் மூன்று பேரும் ஓடிப்போய்ப் பாயிண்ட் எடுத்துவிட்டார்கள். கடைசியாக வந்தவள் ஓடக்கூட இல்லை, சிரித்துக்கொண்டே நடந்து வந்தாள்.

எதிர் டீம் தரையில் உட்கார்ந்து சிரித்தது. மேடம் ரூல் புக்கை முகத்துக்கு நேராகப் பிடித்து மறைத்துக்கொண்டார். வார்டனைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்காமல் சாவிக்கொத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பூமி பிளந்து என்னை உள்ளே வாங்கிக்கொள்ளாதா என்று இருந்தது. அது வாங்காததால் அடுத்தடுத்த ஆட்களுக்குப் பந்து போட்டேன். இன்னும் மூன்று பாயிண்ட் போனது. ஆறுக்குப் பூஜ்யம், ஒருத்திகூட அவுட் இல்லை.

வேதவல்லி கையைக் காட்டி ஆட்டத்தை நிறுத்தச் சொல்லிவிட்டு என்னிடம் நடந்து வந்தாள். திட்டத்தான் வருகிறாள் என்று நினைத்தேன். அவள் கிளவ்ஸைக் கழற்றி உள்ளங்கையைக் காட்டினாள். சிவந்து பூரி மாதிரி வீங்கியிருந்தது.

"தோத்தாச்சுடி. அது போகட்டும். ஆனா நாளைக்கு ஆத்துல விசேஷம், நான்தான் கோலம் போடணும். இந்தக் கையோட எப்படிப் போடுவேன்? கொஞ்சம் மெதுவாப் போடேன், உனக்குப் புண்ணியமாப் போகும்."

எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. கட்டில் போனால் போகிறது, இவள் கையையாவது காப்பாற்றுவோம் என்று முடிவெடுத்தேன். நேராக நின்றேன். கையைக் கீழே இறக்கினேன். மண்டியில் நின்று நைனாவுக்குப் போடுவது போலக் கீழ்க்கையாக, வேதவல்லியின் மார்புக்கு நேராக, கையில் வந்து உட்காரும்படி ஒரு பந்து போட்டேன். அடிபடக் கூடாது, அவ்வளவுதான் என் எண்ணம்.

மட்டைக்காரி பந்து பாதி வழியில் இருக்கும்போதே சுழற்றி முடித்துவிட்டாள். ஒரு முழுச் சுற்று சுற்றி வடக்கே பார்த்து நின்றாள். அதற்குப் பிறகுதான் பந்து சாவகாசமாக வந்து வேதவல்லியின் கிளவ்ஸில் உட்கார்ந்தது. மெஷினின் வேகத்துக்குப் பழகிய கைக்கு என் பழத்துக்காகக் காத்திருக்கப் பொறுமை இல்லை. இரண்டாவது பந்துக்கும் அதே கதை. மூன்றாவதுக்குக் கால் பின்னிக் கீழே விழுந்தாள். மூன்று தடவை தவறவிட்டால் ஆள் காலி. அவுட்.

அவர்களுடைய கோச் ஓடிவந்து, இப்படிக் கீழ்க்கையாகப் போடுவதெல்லாம் பேஸ்பாலே இல்லை என்று அம்பயரிடம் சண்டை பிடித்தார். அம்பயருக்கும் சந்தேகம். மேடம் தன் ரூல் புக்கைக் கொண்டுபோய் நீட்டினார். காலை எங்கே வைக்க வேண்டும் என்று பக்கம் பக்கமாக இருந்தது. கை எந்த உயரத்திலிருந்து வர வேண்டும் என்று ஒரு வரிகூட இல்லை. அம்பயர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு ஆடுங்கள் என்றார்.

ஆடினோம். என்ன ஆட்டம் போங்கள்! வந்தவள் எல்லாம் முன்கூட்டியே சுழற்றினாள். தப்பித் தவறிப் பட்டாலும் பந்து நெட்டுக்குத்தாக வானத்துக்குப் போனது. எங்கள் டீமில் கேட்ச் பிடிக்கத் தெரிந்தவர்கள் இரண்டே பேர். ஆனால் பந்து அவ்வளவு உயரம் போய் வருவதற்குள் அந்த இரண்டு பேரில் ஒருத்தி எங்கிருந்தாலும் ஓடிவந்துவிடலாம். அவர்களுடைய பிட்சருக்குக் கோபம் தலைக்கேறியது. கோபத்தில் அவள் எறிந்த பந்தெல்லாம் தாறுமாறாகப் போனது. எங்கள் பெண்கள் பயத்தில் மட்டையை அசைக்கவே இல்லை. (மேடம் அதை வியூகம் என்று பிற்பாடு பேட்டி கொடுத்தார்.) அசைக்காமலேயே நடந்தார்கள், நடந்து நடந்தே பாயிண்ட் சேர்ந்தது. ஐந்தாவது சுற்று முடிந்தபோது ஆறுக்கு ஐந்து. ஏழாவதும் கடைசியுமான சுற்றின் தொடக்கத்தில் எங்களுக்கு ஏழு, அவர்களுக்கு அதே ஆறு.

வேலிக்கு வெளியே ஒரு லாரி வந்து நின்றது. எங்கள் மண்டி லாரி. திருப்பதிக்கு லோடு கொண்டுவந்த நைனா, மகள் ஃபைனல் ஆடுகிறாளாமே என்று டிரைவரைச் சரிக்கட்டி வந்திருக்கிறார். மேலே ஏறி நின்று பார்த்தார். பார்த்தவர் கைதட்டவில்லை. தான் மண்டியில் பார்க்கிற அதே வேலையை மகள் இங்கே ஷூ போட்டுக்கொண்டு செய்வதற்கு எதற்கு இத்தனை கூட்டம் என்று அவருக்குப் புரியவில்லை.

இரண்டு பேர் அவுட், மூன்றாமவளும் அவுட்டானால் ஆட்டம் எங்களுடையது. இரண்டு பேஸில் ஆள். மட்டையோடு வந்தவள் நாலாம் நம்பர்க்காரி. அவள் புத்திசாலி. தன் முறை இல்லாதபோதெல்லாம் பெஞ்சில் உட்கார்ந்து என் கையையே கவனித்திருக்கிறாள். இரண்டு பந்தைச் சும்மா விட்டாள். மூன்றாவது பந்துக்குக் காத்தாள், காத்தாள், காத்துக்கொண்டே இருந்தாள். வந்து உட்காரப் போகிற கடைசி நொடியில் வெளுத்துவிட்டாள்.

பந்து நேராக என் முகத்துக்கு வந்தது. நகரக்கூட நேரமில்லை. கைகள் இரண்டும் தாமாகவே மேலே போயின, பந்தோடு கூடவே பின்னால் வந்தன, வயிற்றோடு சேர்ந்து நின்றன. திறந்து பார்த்தேன். உள்ளே பந்து இருந்தது. ஒரு சின்ன முட்டல்கூட இல்லை.

அவுட். ஆட்டம் முடிந்தது. ஜெயித்துவிட்டோம். ஆனால் எங்கள் டீமில் ஒருத்திகூடக் கைதட்டவில்லை. ஏனென்றால் நான் பந்தை உள்ளங்கையில் ஒரு சுற்று சுற்றிக்கொண்டிருந்தேன். அவள் அடித்த அடியில் தையல் பிரிந்திருந்தது.

"மஞ்சு, தள்ளாதடி!"

வேதவல்லி முகமூடியைப் பிய்த்து எறிந்துவிட்டு ஓடிவந்து என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். மற்ற ஏழு பேரும் மேலே விழுந்து அமுக்கினார்கள். அந்தக் குவியலுக்கு அடியில், கையில் அடிபட்ட பந்தோடு, மூச்சு முட்ட நான் அழுதேன். எனக்கு அன்று இருந்த சந்தோஷத்தை இன்றைக்கும் எழுத்தில் கொண்டுவரத் தெரியவில்லை. கட்டில் என்னுடையது, பீரோ சாவி என்னுடையது, டிகிரியும் என்னுடையதாகப் போகிறது.

சிறப்பு விருந்தினர் நெளிந்த கோப்பையை என் கையில் கொடுத்தபோது கொஞ்சம் தள்ளியே நின்றார். நான் அதையும் சுற்றிப் பார்த்துவிடுவேனோ என்று வேதவல்லி கடைசிவரை என் பக்கத்திலேயே நின்றாள். அந்தக் கோப்பை இன்னும் கல்லூரி ஷோகேஸில் இருக்கிறது, பள்ளத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிவைத்திருக்கிறார்கள். என் பிட்சர் வாழ்க்கை அந்த ஒரே மேட்சோடு முடிந்தது. அம்மை இறங்கியவள் திரும்பிவந்துவிட்டாள், நான் ரைட் ஃபீல்டுக்குப் போய் மலையைப் பார்த்துக்கொண்டே பரீட்சைக்குப் படித்தேன்.

கல்லூரியை விட்டுக் கிளம்புகிற அன்று மனசு கேட்கவில்லை. மேடத்திடம் போய் உண்மையைக் கொட்டிவிட்டேன். படிவத்தில் பொய் எழுதினேன், சேரும்போது எனக்குப் பேஸ்பால் என்றால் என்னவென்றே தெரியாது என்றேன். மேடம் அந்தச் சின்னப் புத்தகத்தை மேஜையில் வைத்தார்.

"தெலுசம்மா," என்றார். "நான் கோ-கோ பிளேயர். இங்க வேலைக்கு வந்தப்போ ஒரே ஒரு போஸ்ட்தான் காலி, பேஸ்பால் கோச்சு. நேனு கூடா ராசேசானு."

எனக்குத் தெரியும், நானும் அப்படித்தான் எழுதிக்கொடுத்தேன் என்கிறார். அந்த ரூல் புக்கை அவர் ஏன் கையை விட்டுக் கீழே வைத்ததே இல்லை என்பது எனக்கு அப்போதுதான் புரிந்தது. இரண்டு பேரும் சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

வீட்டில் இந்தக் கதை படும் பாடு சொல்லி மாளாது. தோசை கருகினால் தள்ளு, சார்ஜ் நிற்காத பேட்டரி தள்ளு, பேசிக்கொண்டே இருக்கிற உறவுக்காரர் தள்ளு. இதன் உச்சம் நடந்தது என்னைப் பெண் பார்க்க வந்த அன்று. மாப்பிள்ளை வருகிற வழியில் பைக்கில் சறுக்கி விழுந்து, நெற்றியில் பெரிய பிளாஸ்திரியோடு வந்து உட்கார்ந்தார். நைனா என்னைச் சமையல்கட்டுக்குக் கூப்பிட்டு, முகத்தைச் சீரியஸாக வைத்துக்கொண்டு கேட்டார்.

"மஞ்சு, நெத்தியில நல்லா அடிபட்டுக்கீது. இன்னா செய்யலாம், தள்ளிடலாமா?"

நான் கதவிடுக்கில் ஒரு தடவை எட்டிப் பார்த்தேன். மனிதர் வலியை மறைத்துக்கொண்டு எங்கள் வீட்டுக் கெட்டி உருண்டைப் பலகாரத்தைக் கடிக்க முயன்றுகொண்டிருந்தார். பார்க்கப் பாவமாகவும் இருந்தது, பிடித்தும் இருந்தது.

"வேணா நைனா," என்றேன். "கூழுக்கு ஆவும்."

கல்யாணமாகி இத்தனை வருஷமாகியும் எங்கள் வீட்டில் அவருக்குப் பெயர் கூழுதான்.